கீழே நின்றேன்

மாசி 6

அன்புள்ள அண்ணா,

இங்கே நானும் அவரும் நன்றாக இருக்கிறோம். அண்ணிக்கு மூட்டுவலி குறைந்ததா? உன் இருமல் விட்டதா? சுகம் என்று ஒரு வரி எழுதினால் போதும், மீதியை நானே ஊகித்துக்கொள்கிறேன். நீ எழுதுவது எப்போதும் அவ்வளவுதானே.

ஒரு பெரிய விஷயம். ஆற்றுப் பாலத்துக்குத் தூண் எழுப்ப ஆரம்பித்துவிட்டார்கள். கல் தூக்க ஒரு மந்திரக்காரர் வந்திருக்கிறார். எந்த வாசலிலும் குனிந்துதான் நுழைய வேண்டும், அவ்வளவு உயரம். வந்த அன்றே நெட்டையர் என்று பேர் வைத்துவிட்டார்கள். தன் உரிமத்தைக் கொட்டகையில் மாட்டியிருந்தார். அவருக்குச் சாப்பாடு கொண்டு போனபோது எட்டிப் பார்த்தேன். மந்திர வாரியத்தின் முத்திரை, அதற்குக் கீழே தேர்வாளர் என்று உன் கையெழுத்து! அந்தக் கடைசிச் சுழிப்பு எனக்குத் தெரியாதா? என் மதிப்பெண் அட்டையில் அப்பா மாதிரிப் போட்டுக் கொடுத்துப் பழகிய கைதானே அது. மேலே உன் எழுத்திலேயே மூன்று வரி: “தேர்வுக்கல்லின் கீழே நின்றேன். நூறு எண்ணினேன். கல் ஆடவில்லை.” படித்ததும் எனக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது, சிரிக்காதே.

கல் அந்தரத்தில் தொங்கும்போது அதன் அடியில் நின்று திருப்பிச் சரியான இடத்தில் உட்கார வைக்க ஒருவர் வேண்டும். கீழாள் என்று பெயர். யாரும் முன்வரவில்லை. உன் மாப்பிள்ளையும் தரையைப் பார்த்துக்கொண்டு நின்றார். எனக்கு வந்ததே கோபம். “இந்தக் கையெழுத்து யாருதுன்னு தெரியுமா? எங்க அண்ணன். அவரே கீழ நின்னு பாத்து அனுப்பின ஆளு இவரு. இதுக்கு மேல என்னய்யா வேணும் உங்களுக்கு?” என்று கத்திவிட்டேன். எல்லோரும் உன் மாப்பிள்ளையைப் பார்த்தார்கள். பிறகு அவர் எப்படி மாட்டேன் என்பார்? நாளை முதல் அவர்தான் கீழாள். எங்கள் வீட்டுக்கு இங்கே இப்போது தனி மரியாதை.

அண்ணிக்கு என் அன்பு.

உன் தங்கை

மாசி 21

அன்புள்ள தங்கைக்கு,

நான் சுகம், அண்ணி சுகம். நீ கேட்ட ஒரு வரி இதோ முடிந்தது. இருமல் போய்விட்டது. மூட்டுவலி போகவில்லை, என் மீது எரிந்து விழ அவளுக்கு அது வசதியாக இருக்கிறது.

வாரியத்தில் புதிய தலைவர் வந்திருக்கிறார். எல்லாப் படிவமும் இனி நான்கு பிரதி வேண்டுமாம். மந்திரம் போடுகிறவனைவிட அதைப் பதிவு செய்கிறவனுக்குத்தான் இங்கே கை வலிக்கிறது.

மாப்பிள்ளைக்கு முதுகுவலி உண்டே. தூணடியில் ஈரம் இருக்கும், அவருக்கு ஆகாது. வேறு வேலை கேட்டுப் பார்க்கச் சொல். கலவை குழைக்கும் இடத்தில் நிழலாவது இருக்கும். இதை நான் சொன்னதாகச் சொல்ல வேண்டாம்.

அந்த நெட்டையர் எந்தத் தேதியில் தேர்வுக்கு வந்தார் என்று உரிமத்தில் போட்டிருக்கும். பார்த்து எழுது. சும்மாதான் கேட்கிறேன்.

உடம்பைப் பார்த்துக்கொள்.

அன்புடன்,
அண்ணன்

பங்குனி 2

அன்புள்ள அண்ணா,

நாங்கள் நலம். அண்ணியின் மூட்டுக்கு ஒத்தடம் கொடுக்கிறாயா, அல்லது அதையும் நான்கு பிரதியில் கேட்கிறாயா?

அவருக்கு முதுகுவலி வந்து பத்து வருடம் ஆகிறது. வந்த வேகத்தில் போயும்விட்டது. நீ என்னவோ திடீரென்று மாப்பிள்ளை மேல் பாசம் பொழிகிறாய். நீ தேறியவர் என்று எழுதிக் கொடுத்த ஆளை நீயே சந்தேகப்படுவாயா என்ன? தேதி போன ஐப்பசி 14. போதுமா?

கல் எழும்புவதை நீ எத்தனையோ முறை பார்த்திருப்பாய். எனக்கு இதுதான் முதல் தடவை. நெட்டையர் மூன்றே சொல் சொல்கிறார். எட்டு பேர் அசைக்க முடியாத கல் சத்தமில்லாமல் மேலே போகிறது. உன் மாப்பிள்ளை அடியில் போய் நின்று இரண்டு கையாலும் அதைக் கன்றுக்குட்டியைத் திருப்புவது போலத் திருப்புகிறார். நான் தினமும் கரையில் நின்று பார்த்துவிட்டுத்தான் வருகிறேன். பக்கத்தில் நிற்கிறவர்களிடம் உன் பெருமை பேசாத நாளில்லை. நெட்டையருக்குத்தான் அவர் அடியில் போனதும் முகம் வெளிறிவிடுகிறது. வெயில் ஒத்துக்கொள்ளவில்லை போல.

பதில் சீக்கிரம் போடு.

உன் தங்கை

பங்குனி 28

அண்ணா,

போன கடிதத்துக்கு நீ பதில் போடவில்லை. போட்டிருந்தாலும் படித்திருக்க மாட்டேன்.

பத்தொன்பதாம் தேதி மத்தியானம் கல் விழுந்துவிட்டது. அவர் உயிரோடு இருக்கிறார், முதலில் அதைச் சொல்லிவிடுகிறேன். வலது காலை முழங்காலுக்குக் கீழே எடுத்துவிட்டார்கள். நான் சாப்பாட்டோடு கரையில் நின்றுகொண்டிருந்தேன். கல் ஆடியதைப் பார்த்தேன். பிறகு நடந்தது எனக்குச் சரியாக நினைவில்லை. கையிலிருந்த பாத்திரத்தை வீடு வரைக்கும் விடவே இல்லை என்று சொல்கிறார்கள்.

ஐந்தாம் நாள் கண் திறந்து பேசினார். இல்லாத காலில் பாதம் அரிக்கிறது என்கிறார். சொறிந்துவிடச் சொல்கிறார். நான் போர்வையைச் சொறிகிறேன்.

நெட்டையரை வாரியத்துக் காவலில் வைத்திருக்கிறார்கள். வைகாசியில் விசாரணைக் குழு இங்கே வருகிறது. உரிமம் சரியாகக் கொடுக்கப்பட்டது என்றால் அந்த ஆளின் கவனக்குறைவுதான் காரணம், வாய்க்கட்டுப் போட்டுவிடுவார்கள் என்று மேஸ்திரி சொன்னார். வாய்க்கட்டுப் போட்டால் மந்திரம் மட்டுமல்ல, சாதாரணப் பேச்சும் பாதி போய்விடுமாமே? போகட்டும். நீ வந்து குழுவின் முன்னால் நின்று நடந்ததைச் சொல். உன் கையெழுத்தையும் கெடுத்துவிட்டான் பாவி.

நீ வந்தால் எனக்குத் தெம்பாக இருக்கும். கிளம்பி வா அண்ணா.

தங்கை

சித்திரை 12

அன்புள்ள தங்கைக்கு,

உன் கடிதம் கிடைத்ததிலிருந்து இந்த வீட்டில் யாரும் சரியாகச் சாப்பிடவில்லை. அண்ணி அழுதுகொண்டே இருக்கிறாள். மாப்பிள்ளைக்கு இப்போது எப்படி இருக்கிறது? காயம் ஆறிவிட்டதா? காய்ச்சல் வருகிறதா? நீ சாப்பிடுகிறாயா?

உடனே கிளம்பத்தான் நினைத்தேன். ஆனால் தேர்வாளர்கள் விசாரணைக்கு நேரில் வருவது வழக்கமில்லை. எழுத்தில் வாக்குமூலம் வாங்கிக்கொள்வார்கள். பதிவேட்டில் இருப்பதுதான் சாட்சி. தவிர இது தேர்வு மாதம், விடுப்புக் கிடைப்பது கஷ்டம். வாக்குமூலத்தை அனுப்பிவிட்டேன். தலைவரே அதைக் கேட்டு வாங்கினார்.

இரண்டு கம்பளியும் வலி குறையும் தைலமும் அனுப்பியிருக்கிறேன். தைலம் வாரியத்தில் சோதித்தது, பயப்படாமல் தடவலாம்.

மனதைத் தளரவிடாதே.

அண்ணன்

சித்திரை 25

அண்ணா,

கம்பளி வந்தது. தைலமும் வந்தது. அவர் இப்போது கட்டை ஊன்றிச் சுவர் பிடித்து நிற்கிறார். காய்ச்சல் இல்லை. நான் சாப்பிடுகிறேன்.

நேற்று காவல் அறைக்குப் போனேன். நெட்டையரை வாயில் வந்தபடி திட்ட வேண்டும் என்றுதான் போனேன். என்னென்ன சொல்ல வேண்டும் என்று வழியெல்லாம் மனப்பாடம் செய்துகொண்டே போனேன். என்னைப் பார்த்ததும் எழுந்து நின்றார். கூரை தலையில் இடித்தது. கொஞ்ச நேரம் பேசினோம். திட்டாமல் திரும்பி வந்தேன்.

உன்னிடம் ஒன்றே ஒன்று கேட்கிறேன். ஐப்பசி 14 அன்று நீ அந்தக் கல்லுக்குக் கீழே நின்று நூறு எண்ணினாயே, அண்ணாந்து பார்த்தபோது அது எப்படி இருந்தது? அதை மட்டும் எழுது. வேறு எதுவும் எழுத வேண்டாம்.

தங்கை

வைகாசி 3

அன்புள்ள தங்கைக்கு,

மாப்பிள்ளை எழுந்து நிற்கிறார் என்று படித்ததும் பெரிய நிம்மதி. அண்ணியின் மூட்டுவலி பரவாயில்லை. இங்கே மழை பிடித்துக்கொண்டுவிட்டது, அலுவலகத்துக் கூரை மூன்று இடத்தில் ஒழுகுகிறது, கோப்புகளை மேசை மேசையாக நகர்த்திக்கொண்டே இருக்கிறோம்.

தேர்வு எப்படி நடக்கும் என்று உனக்குத் தெரிந்திருக்காது. வெறும் கல்லை யாரும் தூக்கிவிடுவான். கீழே ஒரு உயிர் நிற்கிறது என்று தெரியும்போதுதான் தூக்குகிறவனுக்கு மனம் தடுமாறும், மனம் தடுமாறினால் கல் ஆடும். அதனால்தான் தேர்வாளரே போய்க் கீழே நிற்க வேண்டும் என்று விதி வைத்திருக்கிறார்கள். வருடத்துக்கு எத்தனையோ பேர் வருகிறார்கள். ஒவ்வொருவர் கல்லும் ஒவ்வொரு மாதிரி இருக்கும். எல்லாவற்றையும் நினைவில் வைத்துக்கொள்வது சிரமம்.

காவல் அறைப் பக்கம் இனி போக வேண்டாம். மாட்டிக்கொண்டவர்கள் ஆயிரம் சொல்வார்கள்.

உடம்பைப் பார்த்துக்கொள்.

அண்ணன்

வைகாசி 20

மதிப்பிற்குரிய தேர்வாளர் அவர்களுக்கு,

நாங்கள் இருக்கிறோம். நீங்கள் சுகமாகத்தான் இருப்பீர்கள்.

பதினெட்டாம் தேதி விசாரணை நடந்தது. பள்ளிக்கூடத்து மண்டபத்தில் நடத்தினார்கள். உங்கள் வாக்குமூலத்தைச் சத்தமாகப் படித்தார்கள். கீழே நின்றேன், நூறு எண்ணினேன், கல் ஆடவில்லை. எழுத்து மாறாமல் அதே மூன்று வரி. படித்து முடித்ததும் குழுத் தலைவர் உங்கள் நேர்மையைப் பாராட்டி இரண்டு வார்த்தை சொன்னார். என் பக்கம் பார்த்துத் தலையை வேறு அசைத்தார்.

காவல் அறையில் நெட்டையர் என்னிடம் சொன்னதை இப்போது எழுதுகிறேன். “அம்மா, உங்க அண்ணன் அன்னிக்குச் சுவரோரமா நின்னாரு. அங்கிருந்தே நூறு எண்ணினாரு. கீழ வரலை. எனக்கு உள்ளூர சந்தோஷமா இருந்துச்சு, அதனால நானும் வாயைத் திறக்கலை. கீழ ஆள் நின்னா என் கல்லு ஆடும்னு எனக்கே இங்க வந்துதான் தெரியும். அப்பவே வேலைய விட்டுட்டுப் போயிருக்கணும், போகலை. இதை நான் சொன்னா, தப்பிக்கப் புளுகுறான்னு சொல்லுவாங்க. நீங்க சொன்னா நம்புவாங்க.”

நான் நம்பவில்லை. அதனால்தான் உங்களிடம் கேட்டேன். கூரை ஒழுகுவதைப் பற்றி எழுதினீர்கள். அதைப் படித்த பிறகு நம்பினேன்.

வேறு யாராவது சொல்ல விரும்புகிறீர்களா என்று குழுத் தலைவர் மண்டபத்தைப் பார்த்துக் கேட்டார். நான் எழுந்தேன். எல்லோரும் திரும்பினார்கள். நெட்டையரும் என்னைப் பார்த்தார். எங்க அண்ணன், எங்க அண்ணன் என்று ஊரெல்லாம் பெருமையடித்த வாய் அப்போது ஒட்டிக்கொண்டுவிட்டது. புடவையைச் சரி செய்வது போலச் செய்துவிட்டு உட்கார்ந்துவிட்டேன்.

ஆனி 15 அன்று நெட்டையருக்கு வாய்க்கட்டு. அவர் குற்றம் செய்யாதவர் என்று நான் சொல்லவில்லை. ஆனால் மூன்று பேர் செய்ததற்கு ஒரு வாயைத்தான் கட்டப் போகிறார்கள். கண்ணாடியில் என் முகத்தைப் பார்க்க எனக்கே கூசுகிறது. நீங்கள் எப்படிச் சவரம் செய்துகொள்கிறீர்கள் என்று தெரியவில்லை.

பதில் வேண்டாம்.

ஆனி 4

தங்கைக்கு,

பதில் வேண்டாம் என்றாய். எழுதாமல் இருக்க முடியவில்லை. உன் வாயிலிருந்து ‘நீங்கள்’ என்று வருவதற்கு, நீ என் கன்னத்தில் அறைந்திருக்கலாம்.

நெட்டையர் சொன்னது அத்தனையும் உண்மை.

மூன்று வருடத்துக்கு முன்னால் ஒரு பெண் தேர்வுக்கு வந்தாள். அறுபத்தெட்டு எண்ணியிருப்பேன், கல் விழுந்தது. என் செருப்பின் குதிகாலை மட்டும் எடுத்துக்கொண்டு போனது. காலில் கீறல்கூட இல்லை. உன் வீட்டில் நடந்ததற்குப் பிறகு இதை எழுதக் கை வரவில்லை, ஆனாலும் எழுதுகிறேன். அடுத்த நாள் அடுத்த ஆள் கல்லைத் தூக்கினான். நான் பாதி தூரம் போனேன். கால் வரவில்லை. நிஜமாகவே வரவில்லை. திரும்பிப் போய்ச் சுவரில் சாய்ந்துகொண்டு எண்ணினேன். அவன் என்னைப் பார்த்தான், நான் அவனைப் பார்த்தேன். சுலபமாகத் தேர்வு வைத்தார் என்று எவன் புகார் கொடுக்கப் போகிறான்? அன்று ஆரம்பித்தது.

நிற்க முடியாத தேர்வாளர் முத்திரையைத் திருப்பிக் கொடுத்துவிட்டுப் பதிவேட்டு அறைக்குப் போய்விட வேண்டும், அதற்கு ஒரு தண்டனையும் கிடையாது. சம்பளமும் அதேதான். அங்கே போகிறவர்களை நாங்கள் முயல் என்று கூப்பிடுவோம். அவர்கள் சாப்பிட வரும்போது மேசைக்கடியில் கால்களைத் தூக்கிக் குதித்துக் காட்டுவோம். அந்தப் பெயரை வைத்ததே நான்தான். நானே போய் அங்கே உட்கார வேண்டும் என்று வந்தபோது மனம் ஒப்பவில்லை. இவ்வளவுதான் காரணம். இதைவிடப் பெரிய காரணம் ஏதாவது இருந்தால் உன்னிடம் சொல்லக் கொஞ்சமாவது முகம் இருந்திருக்கும்.

உன் முதல் கடிதம் வந்த அன்றே எனக்குத் தெரியும். முதுகுவலி, ஈரம் என்று சப்பைக்கட்டுக் கட்டினேன். அவரை அனுப்பாதே, நான் நிற்கவில்லை என்று நான்கு வார்த்தை எழுதியிருந்தால் கால் மிஞ்சியிருக்கும். காகிதத்தில் எழுதியும் விட்டேன். கிழித்துப் போட்டேன்.

நேற்று தலைவரிடம் எல்லாவற்றையும் எழுதிக் கொடுத்துவிட்டேன், முத்திரையையும். நிற்காமல் நான் கொடுத்த உரிமங்கள் அறுபத்திரண்டு. எல்லோரையும் திரும்ப அழைத்து வேறு தேர்வாளர்கள் சோதிப்பார்கள். நெட்டையரின் வாய்க்கட்டை நிறுத்திவிட்டார்கள். உரிமம் மட்டும் ரத்து. கையில் அந்த உத்தரவைக் கொடுத்தபோது தலைவர் என்னை உட்காரச் சொல்லவில்லை. வெளியே வரும்போது பதிவேட்டு அறைக்காரர் ஒருவர் வாசல் வரைக்கும் கூட வந்தார். என்னைக் கேலி செய்யவில்லை. குடையை எடுத்துக் கொடுத்தார். அதுதான் தாங்க முடியவில்லை.

என் மேல் வழக்கு உண்டு. அதற்குள் ஒரு தடவை வந்து மாப்பிள்ளையைப் பார்க்கலாமா? நீ வேண்டாம் என்றால் வரமாட்டேன்.

அண்ணன் என்று போட்டுக்கொள்ளலாமா தெரியவில்லை.

ஆனி 22

மரியாதைக்குரிய மச்சானுக்கு,

உங்கள் தங்கை பதில் எழுத மாட்டேன் என்கிறாள். அதனால் நான் எழுதுகிறேன். எனக்குக் கடிதம் எழுதிப் பழக்கமில்லை, தப்பு இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். நீங்களும் உங்கள் வீட்டு அக்காவும் நலமாக இருக்க வேண்டும். எனக்குப் பரவாயில்லை. மரக்கால் ஒன்று செய்து கொடுத்திருக்கிறார்கள், என்னைவிட அது நன்றாக நிற்கிறது.

நெட்டையர் போன வாரம் வந்தார். வாசலில் நின்றபடியே ஒரு மணி நேரம் அழுதார். உங்கள் தங்கை உள்ளே கூப்பிட்டுச் சோறு போட்டாள். மண்டபத்தில் உட்கார்ந்துவிட்டதற்கு அவரிடம் மன்னிப்புக் கேட்டாள். உங்கள் கடிதத்தை நான் ஒரு தடவை படித்தேன். அவள் எத்தனை தடவை படித்தாள் என்று சொல்ல முடியாது, மடித்த இடத்தில் கிழிந்துவிட்டது.

நான் எழுத வந்தது வேறு. இதை அவளிடம் சொல்லவில்லை. தபாலை நானே கொண்டு போய்ப் போடுகிறேன், இப்போது அவ்வளவு தூரம் நடக்க முடிகிறது.

அன்று கல் ஆடியது எனக்குத் தெரியும். விழுவதற்கு வெகு நேரம் முன்பே தெரியும். முதல் நாளிலிருந்தே என் கைக்குள் அது நடுங்கிக்கொண்டுதான் இருந்தது. அன்று ரொம்ப ஆடியது. கலவைக்காரர் கத்தினார், “வெளிய வாய்யா, வந்துரு!” என்று. நகர எனக்கு நேரம் இருந்தது. மூன்று எட்டு வைத்தால் போதும்.

கரையைப் பார்த்தேன். அவள் சாப்பாட்டோடு நின்றுகொண்டிருந்தாள். பக்கத்துப் பெண்களிடம் ஏதோ சொல்லிச் சிரித்துக்கொண்டிருந்தாள். என்ன சொல்லியிருப்பாள் என்று எனக்குத் தெரியும். இப்போது நான் வெளியே ஓடினால் இத்தனை பேர் முன்னால் அவள் முகம் என்ன ஆகும் என்று நினைத்தேன். பொண்டாட்டியின் அண்ணனே கீழே நின்று பார்த்த கல்லுக்கு இவன் பயந்து ஓடுகிறான் என்று சிரிப்பார்களே என்று நினைத்தேன். இரண்டில் எது முதலில் வந்தது என்று இன்றைக்கும் யோசிக்கிறேன். நின்றுவிட்டேன்.

தினமும் அவள் தலையில் அடித்துக்கொள்கிறாள், நான்தானே உங்களை அனுப்பினேன் என்று. இல்லை, நகர நேரம் இருந்தது, நான்தான் நகரவில்லை என்று சொன்னால், ஏன் நகரவில்லை என்று கேட்பாள். அதற்கு என்னிடம் இருக்கிற பதில் அவளைக் கொன்றுவிடும். அதனால் மென்று விழுங்கிக்கொண்டிருக்கிறேன்.

பயம் என்று சொல்ல வெட்கப்பட்டு நீங்கள் சுவரோரம் நின்றுவிட்டீர்கள். அதே வெட்கத்தில் நான் கல்லுக்குக் கீழே நின்றேன். உங்களைத் திட்ட எனக்கு எவ்வளவோ ஆசை இருந்தது மச்சான். கடிதத்தைப் படித்த பிறகு முடியவில்லை. இதைச் சொல்ல உங்களைவிட்டால் எனக்கு ஆளில்லை.

வாருங்கள். அவள் வரச் சொல்லவில்லை, வரக் கூடாது என்றும் சொல்லவில்லை. அவள் எழுந்து வந்து கதவைத் திறப்பாளா என்று எனக்குத் தெரியாது. நான் எழுந்து வரக் கொஞ்சம் நேரம் ஆகும். ஒரு தடவை தட்டிவிட்டுத் திரும்பிப் போய்விடாதீர்கள்.

இப்படிக்கு,
உங்கள் தங்கை வீட்டுக்காரர்